ஆறரை அடி மௌனம்

1

இந்தக் கதை, என்னிடம் இப்போது இல்லாத ஆறரை அடி ஃபிலிமிலிருந்து பிறந்தது. ஓட்டினால் பதினோரு விநாடி.

முதல் வரியை இப்படி எழுதினேன்: 'நியூயார்க், 1971. ஸ்டுடியோவில் மயான அமைதி...'

[பொய். பக்கத்து அறையில் ஜனாதிபதி வேஷக்காரர் கடைசி டோனட்டுக்காகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தார்.]

2

எங்கள் டி.வி. நிகழ்ச்சிக்குத் தொகுப்பாளர் கிடையாது. பாட்டு, நையாண்டி, பேட்டி என்று கலந்துகட்டி, அமெரிக்காவை அமெரிக்காவுக்கே காட்டுவோம். நான் ஃபிலிமை வெட்டி ஒட்டுகிறவன்.

எங்களிடம் புதிதாகச் சேர்ந்த லொரைன் பிலார்ஸ்கி எடுத்த முதல் படம், மிச்சிகனில் ஸ்கூல் பஸ் ஓட்டும் எர்லீனைப் பற்றியது. கறுப்பு, வெள்ளைப் பிள்ளைகளை ஒரே பள்ளிக்குக் கொண்டுபோகும் பஸ். அது பிடிக்காதவர்களிடம் முந்தின வாரம்தான் கல்லடி பட்டிருந்தது.

"அமெரிக்கா எங்க போய்க்கிட்டிருக்கு?" என்று கேட்கிறாள் லொரைன்.

எர்லீன் பதில் சொல்லவில்லை. மேலே இருக்கும் பெரிய கண்ணாடியைப் பார்க்கிறாள். அதில் பிள்ளைகளின் தலைகள். பதினோரு விநாடி.

"இருபத்தி மூணு. எல்லாரும் இருக்காங்க. இப்போ கேளு கண்ணு."

3

ஒளிபரப்புக்கு இருபது நிமிடம். தயாரிப்பாளர் ஹால் சூயிங்கம் மென்றபடி வந்தார்.

"அந்த மௌனத்தை வெட்டு. டி.வி. ரிப்பேர்னு நினைச்சு ஜனங்க அதோட மண்டையில தட்டுவாங்க."

"வெட்டினா அந்த நம்பருக்கு அர்த்தமே இல்ல, ஹால்," என்றாள் லொரைன்.

"வெட்டலைன்னா உன் படமே இல்ல. அதுக்குப் பதிலா போட வாணலி டான்ஸ் ரெடியா இருக்கு."

"ஒரே தரம் அவங்க உதட்டைப் பாருங்க. அப்புறம் என்னையும் சேர்த்து வெட்டுங்க."

ஒரு கையில் கத்தரியோடு ஃபிலிமை ஓட்டினேன். எர்லீனின் உதடு லேசாக அசைகிறது. ஒண்ணு, ரெண்டு, மூணு... ஹாலின் உதடும் அசைந்தது.

[அசைந்ததா? சூயிங்கமாக இருக்கலாம். ஹாலை இவ்வளவு சீக்கிரம் நல்லவராக்கினால் நீங்கள் நம்பமாட்டீர்கள் என்று இந்த வரியை மூன்று தரம் அடித்து எழுதினேன். அடுத்து அவர் சொன்னதைக் கேளுங்கள்.]

"இருபத்தி ரெண்டுதானே வருது?"

லொரைன் சிரித்துவிட்டாள். "கடைசி சீட்டுல ஒருத்தி குனிஞ்சு ஷூ லேஸ் கட்டிக்கிட்டிருக்கா. எர்லீனுக்குத் தெரியும்."

ஹால் கையை நீட்டினார். கத்தரியைக் கொடுத்தேன். சட்டைப் பையில் செருகிக்கொண்டு போய்விட்டார்.

4

பதினோரு விநாடியும் வெட்டுப்படாமல் ஒளிபரப்பாயிற்று. அது முடிந்த மறுகணம் போன் அலறியது.

முடிவு ஒன்று: மேலதிகாரி. லொரைன் நாளையிலிருந்து...

முடிவு இரண்டு: மிச்சிகனிலிருந்து ஒரு அம்மா. "குனிஞ்சிருந்தது என்..."

[இரண்டையும் அடித்துவிட்டேன். லொரைன் இன்னும் போனையே பார்த்துக்கொண்டு நிற்கிறாள்.]

மணி அடிக்கிறது. நீங்களே எடுங்கள். எடுத்ததும், "இருபத்தி ரெண்டுதானே வருது?" என்று எதிர்முனை கேட்டால், பதில்தான் உங்களுக்குத் தெரியுமே.