ஒட்டு மீசையோடு பெண் கேட்டவள்

இத்தாலியின் தூரின் நகரத்துப் படப்பிடிப்புக் கொட்டகை ஒன்றில் உடுப்புத் தைப்பவள் எர்சிலியா. அங்கே தச்சு வேலை பார்த்த ஒரெஸ்தே, வாரம் தவறாமல் கிழிந்த சட்டைப் பையோடு வந்து நிற்பான். தைத்து முடிந்ததும் ஒரு வார்த்தை பேசாமல் போய்விடுவான். இரண்டு வருஷமாக இதே கதை. கிழிசலெல்லாம் கத்தரி வெட்டு என்பது அவளுக்கு முதல் மாதமே தெரிந்துவிட்டது.

அந்தப் பிப்ரவரியில் ஓர் ஊமைச் சிரிப்புப் படம் எடுத்தார்கள். காதலன் வேலைக்காரி வேஷத்தில் ஒளிந்திருக்கிறான். காதலி ஆண் வேஷத்தில் போய் அவனைப் பெண் கேட்கிறாள். நடிக்க இருந்த இருவரும் கணவன் மனைவி. படம் எடுக்கும் அன்று காலையிலேயே சண்டை போட்டு, ஆளுக்கொரு ரயில் ஏறிவிட்டார்கள்.

"பத்து நிமிஷப் படம்தானே! உடுப்பு யாருக்குப் பொருந்துதோ அவங்க நடிங்க" என்றார் டைரக்டர். பாவாடை ஒரெஸ்தேவுக்குப் பொருந்தியது. கோட்டும் ஒட்டு மீசையும் எர்சிலியாவுக்கு.

"வாய்க்கு வந்ததைப் பேசுங்க, ஒருத்தர் காதிலயும் விழாது!" என்று அவரே சேர்த்துச் சொன்னார்.

எர்சிலியா மண்டியிட்டாள்.

"பையை நீங்களே வெட்டிக்கிட்டு வர்றது எனக்குத் தெரியாதா? என்னைக் கட்டிக்கணும்னா வாயைத் திறந்து கேளுங்க."

ஒரெஸ்தே ஏப்ரனை முறுக்கினான். "உங்கப்பா துரத்திடுவாரே."

"எங்கப்பாவையா கட்டிக்கப் போறீங்க?"

"பேஷ்! வேலைக்காரி இன்னும் வெட்கப்படணும்!" என்று கத்தினார் டைரக்டர்.

"கட்டிக்கறேன்" என்றான் ஒரெஸ்தே, முகமெல்லாம் சிவந்து.

டிராம் ஓட்டும் அப்பா பர்த்தொலோமியோவிடம் சொல்ல அவளுக்குத் துணிவு வரவில்லை. ஈஸ்டர் முடிந்து படம் வந்தபோது அவள் வீட்டில் எல்லோரும் போனார்கள். அத்தை தெல்ஃபினாவும் வந்தாள். சின்ன வயதுக் காய்ச்சலில் காது போனவள். உதட்டைப் பார்த்தே பேச்சைப் புரிந்துகொள்வாள்.

திரையில் எர்சிலியா மண்டியிட்டுப் பேச, 'என் மாளிகைக்கு வா, கண்ணே' என்று எழுத்து வந்தது.

"பொய்யி!" என்றாள் அத்தை, படத்துக்கு வாசித்த பியானோவையும் மீறி. "அண்ணா, உன் பொண்ணு நிஜமாவே கல்யாணம் பேசறா! அவனும் சரிங்கறான்!"

கொட்டகையே திரும்பிப் பார்த்தது. எர்சிலியாவுக்குக் காதெல்லாம் சூடானது. படம் முடிந்ததும் அப்பா வேகமாக வெளியே போனார். படம் பார்க்க வந்திருந்த ஒரெஸ்தேயை வாசலில் பிடித்துக்கொண்டார்.

"ஏம்ப்பா, பாவாடை கட்டினாத்தான் உனக்குப் பேச்சு வருமா?"

"இப்ப வருதுங்க. உங்க பொண்ணைக் கொடுங்க."

"ஊரே பார்த்தாச்சு. இனிமே வேற யாருக்குக் கொடுக்கறது?" சிரிப்பை அடக்க மீசையைத் தடவிக்கொண்டார்.

செப்டம்பரில் கல்யாணம். அடுத்த படத்துக்கும் ஜோடியாக வரச்சொன்னார் டைரக்டர். ஒரெஸ்தே மறுத்துவிட்டான். எர்சிலியா மட்டும் இன்னும் மூன்று படம் நடித்தாள்.