அக்கரையில் நின்றுபோன ஆள்

விடியற்காலை ஐந்து மணிக்கே கல்குவாரிக் குழிக்குள் சுரண்டிகளின் சத்தம் தொடங்கிவிடும். மேலூர்ப் பக்கம் கல் வெட்டி முடித்துக் கைவிட்ட குவாரி அது. அதன் அடியில் பதினொரு கலங்கள் வரிசையாக நிற்கும். வேறு பரிமாணங்களை ஆராயப் போகிறவர்களை ஏற்றிப் போய்த் திருப்பிக் கொண்டுவரும் கலங்கள். பரிமாணம் என்பது கம்பெனி போர்டில் இருக்கும் சொல். வேலை செய்கிறவர்களுக்கு அது அக்கரை. குழியிலிருந்து சரிவில் ஏறினால் அக்கரைக்குப் போகும் வாசல்; அது முதலாளி உத்தரவில்தான் திறக்கும்.

போய் வந்த கலத்தின் மேல் வெள்ளையாகப் பக்கு படிந்திருக்கும். வெயில் ஏறுவதற்குள் சுரண்ட வேண்டும். சூடேறினால் இரும்போடு இறுகிவிடும். அதன் குளிர் கையுறையைத் தாண்டி எலும்பைத் தொடும். முத்துமீனாவுக்கு இரண்டே வருஷத்தில் பத்து நகமும் கறுத்துவிட்டன. பக்கத்தில் நின்று சுரண்டும் ஆரிபாவுக்கு விரல் நுனியில் உணர்ச்சியே கிடையாது. கொதிக்கிற டீ கிளாஸை வெறுங்கையால் பிடிப்பாள்.

அந்தச் செவ்வாய்க்கிழமை விடியலில் நாலாம் நம்பர் கலம் திரும்பியது. முத்துமீனாவின் புருஷன் தவசிக்கு அதில் கயிற்று வேலை. அக்கரையில் கலத்தைக் கட்டுவதும் அவிழ்ப்பதும் அவன்தான். ஆறு ஆய்வாளர்கள் இறங்கினார்கள். பின்னால் ஓட்டுநர் அழகுராஜா இறங்கினான். அப்புறம் யாரும் இறங்கவில்லை.

"அவரு எங்கண்ணே?"

அழகுராஜா படியிலேயே உட்கார்ந்துவிட்டான். "கயிறு பாறையில சிக்கிருச்சு தங்கச்சி. எறங்கி அவுத்துவிட்டான். அதுக்குள்ள வானம் நெறம் மாறிருச்சு. மாறுனா ரெண்டு நிமிஷத்துல கெளம்பணும்னு கம்பெனி ரூல். ஓடியாந்துக்கிட்டுதான் இருந்தான். நாந்தான் கலத்த எடுத்தேன்."

முத்துமீனா உள்ளே ஏறிப் பார்த்தாள். ஆணியில் தவசியின் சட்டை தொங்கியது.

ஒரு கரை மூன்று நாள்தான் ஒரே இடத்தில் நிற்கும். பிறகு எந்தக் கலத்தாலும் அதைக் கண்டுபிடிக்க முடியாது. குழியில் எல்லோருக்கும் இது தெரியும்.

ஏழு மணிக்கு முதலாளி தர்மலிங்கம் வந்தார்.

"யாரு அவனை எறங்கச் சொன்னா?"

"எறங்காம எப்படி முதலாளி கயித்த அவுக்கிறது?" என்றாள் ஆரிபா. "ஒரு கலத்தத் திருப்பி அனுப்புங்க. அழகுராஜாண்ணே ஓட்டுறேங்கிறாரு."

"பதினொன்னும் புக் ஆயிருக்கு. ஒரு ஆளுக்காக அனுப்ப முடியாது."

"நின்னுபோனது ஆய்வாளரா இருந்தா?"

அவர் வாட்சைப் பார்த்தார். "வெயிலு ஏறுறதுக்குள்ள நாலாம் நம்பர் சுத்தமாயிருக்கணும்."

சுத்தம் செய்தார்கள். அதைச் சொல்லாமல் விட முடியாது. வேறு என்ன செய்வதென்று யாருக்கும் தெரியவில்லை. முத்துமீனாவும் சுரண்டினாள், கை பழக்கத்தில் போனது. அவன் நிற்கிற மண்ணிலிருந்து ஒட்டிவந்த பக்கு இது என்று பாதியில்தான் அவளுக்கு உறைத்தது. சுரண்டி கையிலிருந்து நழுவி விழுந்தது.

புதன்கிழமை முத்துமீனாவும் ஆரிபாவும் தல்லாகுளத்தில் இருக்கும் அரசு ஆபீஸுக்கு மனுக் கொண்டு போனார்கள். அதிகாரி கெட்டவரில்லை. மனுவை இரண்டு தடவை படித்தார்.

"சம்பவம் நடந்த எடம் எந்தத் தாலுகாம்மா?"

"தாலுகா இல்லைங்க சார். அக்கரை."

"அப்ப இந்தக் கட்டத்துல நான் என்னத்த எழுத?"

போலீஸ் ஸ்டேஷனிலும் அதே கேள்விதான். பஸ்ஸில் திரும்பும்போது ஆரிபா சொன்னாள்:

"சரிவுல நாம உக்காந்துட்டா ஒரு கலமும் வாசலுக்குப் போக முடியாதுல்ல? அவரைக் கூட்டியாரப் போகலைன்னா எதுவுமே போக வேணாம்."

"நாம ரெண்டு பேரு உக்காந்தா ஆச்சா?"

"கேட்டுப் பாப்போம்க்கா."

வியாழக்கிழமை காலை சரிவில் நாற்பத்து மூன்று பேர் உட்கார்ந்தார்கள். அழகுராஜா சாவியை மடியில் கட்டிக்கொண்டு முதல் வரிசையில் இருந்தான். மற்ற ஓட்டுநர்களில் நாலு பேர் வந்தார்கள். ஆறு பேர் வரவில்லை. முந்தின நாள் திரும்பிய கலங்களில் பக்கு இறுகிக்கொண்டிருந்தது.

"நீங்க உக்காந்தா போனவன் வந்துருவானா?" தர்மலிங்கம் மேலே நின்று கத்தினார்.

முத்துமீனா எழுந்தாள். "ஒரு கலம் போனா வருவாரு."

"இந்த வேலைக்கு ஆளா கெடைக்காது?"

மத்தியானம் மூன்று மணிக்கு உசிலம்பட்டியிலிருந்து வேனில் இருபது பெண்களை இறக்கினார்கள். கையில் புதுச் சுரண்டிகள். சரிவின் உச்சியில் வந்து நின்றார்கள். அவர்களில் இசைவாணி என்பவள் கேட்டாள்:

"ஏக்கா, எதுக்கு உக்காந்திருக்கீக? ஆளு பத்தலைன்னுல்ல எங்களக் கூட்டியாந்தாக?"

முத்துமீனா நடந்ததைச் சொன்னாள். முழுவதையும் கேட்டுவிட்டு இசைவாணி கேட்டாள்:

"உசுரோட இருப்பாரா?"

"தெரியல தாயி. நாளைக்கு விடியிற வரைக்கும் போய்ப் பாக்கலாம். அப்புறம் பாக்கவே முடியாது."

"அவளுகள ஒதுங்கச் சொல்லிட்டு எறங்குங்கம்மா!" என்றார் தர்மலிங்கம்.

இசைவாணி சுரண்டியைக் கல்லின் மேல் வைத்தாள். நாலு பேர் வேனுக்குத் திரும்பினார்கள். மற்றவர்கள் ஒருவர் பின் ஒருவராகச் சரிவில் இறங்கி வந்தார்கள்.

கீழே எந்தக் கலத்தின் கதவும் திறக்கவில்லை. கல் அனலாகச் சுட்டது. முத்துமீனா தோள் துண்டை எடுத்துப் பக்கத்தில் விரித்து, இசைவாணி உட்காரத் தள்ளி இடம் விட்டாள்.