சாம்பல் பூசிய கதவு

அந்த உலகத்தில் நிறங்களுக்குச் சும்மா இருக்கத் தெரியாது. சிவப்பு பூசிய சுவர் குளிருக்கு இதமாகச் சூடு தரும். நீலப் பானையில் ஊற்றிய வெந்நீர் கண் மூடித் திறப்பதற்குள் ஆறிவிடும். வெள்ளைக் கதவு யார் தொட்டாலும் திறக்கும். கறுப்புதான் பொல்லாதது. ஒருவர் பெயரைச் சொல்லிக்கொண்டே கதவில் கறுப்பைப் பூசிவிட்டால், அந்த ஆளுக்கு அது ஆயுசுக்கும் திறக்காது. மேலே வேறு நிறமும் ஒட்டாது.

சரி, சாம்பல் நிறம் என்ன செய்யும்? யாருக்கும் தெரியாது. வெள்ளையையும் கறுப்பையும் கலக்கவே கூடாது என்பது பூச்சுத் தொழிலில் முதல் பாடம். ஏன் என்று கேட்டால் வாயை மூடு என்பார்கள். நம் பூச்சுக்காரி வாயை மூடிக்கொண்டாளே தவிர, மனசுக்குள் அந்த அரிப்பு அடங்கவே இல்லை.

அன்று அவள் பூச வேண்டியிருந்தது சொந்த வீட்டுக் கதவை. தம்பி பெயரைச் சொல்லிக் கறுப்பு பூசச் சொன்னவர் அண்ணன். அம்மா சாகக் கிடந்தபோது ஆள் மேல் ஆள் விட்டும் தம்பி எட்டிப் பார்க்கவில்லை. எல்லாம் முடிந்த பிறகு நேற்றுதான் வந்து பக்கத்துத் தெருவில் தங்கியிருக்கிறான்.

அவள் கெஞ்சாத கெஞ்சல் இல்லை. "நீ பூசலேன்னா வேற ஆளைக் கூப்பிடுவேன்," என்று சொல்லிவிட்டு அண்ணன் உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். வீட்டுக்காரர் உள்ளே இருக்கும்போதுதான் பூச வேண்டும், அது முறை.

கண்ணீர் மறைத்ததில், காலை வேலையில் மிஞ்சிய வெள்ளை கிடந்த வாளியிலேயே கறுப்புப் பொடியைக் கொட்டிக் கலக்கிவிட்டாள். தம்பி பெயரைச் சொல்லிச் சொல்லிப் பூசி முடித்து, கண்ணைத் துடைத்துக்கொண்டு பார்த்தால் கதவு முழுக்கச் சாம்பல்.

"முடிஞ்சுதா?"

"முடிஞ்சுது. ஆனா... கறுப்பா இல்லைண்ணா."

அண்ணன் உள்ளிருந்து இழுத்தார். ம்ஹூம். அவள் தள்ளினாள். எதிர்வீட்டுத் தையல்காரர் ஓடி வந்து முட்டிப் பார்த்தார். தோள் வலித்ததுதான் மிச்சம்.

"என்னடி பண்ணித் தொலைச்ச? என்னையே உள்ள வச்சுப் பூட்டிட்டியே!"

அவளுக்குப் பாதி பயம். மீதிப் பாதி, வெட்கத்தை விட்டுச் சொன்னால், குஷி. சாம்பல் ஏதோ செய்கிறதே! மூக்கு இடிக்கிற அளவுக்குக் கிட்டே போய்ப் பார்த்தாள். பூச்சின் நடுவே ஓர் உள்ளங்கை கறுத்துத் தெரிந்தது. குறுக்கே பழைய வெட்டுத் தழும்பு. அண்ணன் கையேதான்.

"அண்ணா, கதவுல கை வச்சிருக்கியா? எடு." மறைந்தது. "திரும்ப வை." வந்துவிட்டது.

"விளையாட இதுவாடி நேரம்?"

அவள் தன் கையை அதன்மேல் வைத்தாள். ஒன்றும் ஆகவில்லை. தையல்காரர் வைத்தார். அப்போதும் அப்படியே. பிறகுதான் பொறி தட்டியது. பூசும்போது சொன்னது யார் பெயரை? தையல்காரரைப் பக்கத்துத் தெருவுக்கு விரட்டினாள்.

தம்பி வந்து தெருவிலேயே நின்றான். "எந்த மூஞ்சியை வச்சிட்டுக்கா உள்ள வர?"

"மூஞ்சியை அப்புறம் பாக்கலாம். முதல்ல கையை வைடா."

சட்டையில் துடைத்துக்கொண்டு வைத்தான். கதவில் இப்போது அண்ணன் கை இல்லை. உள்ளிருந்து, "யாரு கைடி இது?" என்ற குரல் பாதியில் நின்றது. தம்பியின் சுண்டுவிரல் பிறவியிலேயே கோணல். சின்ன வயசில் அவனைத் தூக்கித் திரிந்தவருக்குத் தெரியாதா?

"பாதி வழி வந்தேண்ணா," என்றான் தம்பி கதவைப் பார்த்து. "அம்மாவை அப்படிப் பாக்கப் பயந்து திரும்பிட்டேன்."

கதவு திறக்கவில்லை. அவன் வெகுநேரம் நின்றான். கை தளர்ந்து மெல்லக் கதவை விட்டு விலகத் தொடங்கியது.

"எடுக்காதடா," என்றார் அண்ணன். "கையை எடுத்துடாத."

தம்பியின் விரல்களைச் சுற்றி அந்தத் தழும்புக் கை தெரிந்தது. கதவு தானாகத் திறந்தது. அண்ணன் அந்தக் கோணல் விரலைப் பிடித்தே அவனை உள்ளே இழுத்துக்கொண்டார்.

பூச்சுக்காரி அழுதுகொண்டே, யாரும் கொட்டிவிடாதபடி அந்த வாளியை மூடி வைத்தாள்.