சிவப்புப் படகைப் பார்த்தவர் யார்?

1

முதலிலேயே உண்மையைச் சொல்லிவிடுகிறேன். இந்தக் கதை ஞானத்தில் பிறக்கவில்லை, கோபத்தில் பிறந்தது. பதினெட்டு வருடமாக ஆற்றில் படகு ஓட்டுகிற என் அண்ணி, படகோட்டி உரிமத் தேர்வில் இரண்டாம் முறையும் தோற்றுவிட்டு வந்து, ஒன்றுமே நடக்காதது மாதிரி வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வந்தது. அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டு எழுத உட்கார்ந்தேன். கோபம் வந்தால் எனக்குப் பாத்திரம் உருட்டத் தெரியாது, கதை எழுதத்தான் தெரியும்.

(நேரில் "சொல்லுங்க அண்ணி". எழுத்தில் மட்டும் "உரித்தாள்", "சொன்னாள்". அந்தத் தைரியமெல்லாம் காகிதத்தோடு சரி.)

அவள் தோற்றது படகு ஓட்டுவதில் இல்லை. சுக்கான், மோட்டார், கயிறு, விழுந்தவனைத் தூக்குவது, எல்லாவற்றிலும் முழு மதிப்பெண். தோற்றது 'சிந்தனைத் திறன்' என்ற பகுதியில். அதில் வாய்மொழியாக ஒரே ஒரு கேள்வி:

*தொலைவில் ஓர் ஏரி இருக்கிறது. அந்த ஏரியில் உள்ள படகுகள் எல்லாம் சிவப்பு. ஒருவர் அங்கிருந்து ஒரு படகு வாங்கினார். அது என்ன நிறம்?*

நீங்கள் இந்நேரம் பதில் சொல்லி முடித்திருப்பீர்கள். அண்ணி சொன்ன பதில் இது: "நான் அந்த ஏரிக்குப் போனதில்லைங்க. வாங்கினவரைக் கேளுங்க."

இரண்டாவது தடவை இன்னும் கொஞ்சம் தாராளமாகச் சொல்லியிருக்கிறாள்: "எல்லாப் படகும் சிவப்புன்னு சொன்னது யாரு? அவரு ஏரியைச் சுத்தி வந்து எண்ணினாரா?"

சிரிப்பு வருகிறதா? எங்கள் வீட்டில் யாருக்கும் வரவில்லை. உரிமம் அண்ணன் பெயரில் இருக்கிறது. அண்ணனுக்குக் கண் மங்கிவிட்டது, சுக்கானைத் தொடவே கூடாது என்று மருத்துவர் சொல்லிவிட்டார். மாதக் கடைசிக்குள் அண்ணி பெயருக்கு மாறாவிட்டால் படகுத்துறை வேறு ஆளுக்குப் போய்விடும். தேர்வை மூன்று முறைதான் எழுதலாம். பாக்கி இருப்பது ஒன்று.

2

கதையை எப்படித் தொடங்குவது என்று நான் பட்ட பாடு:

"ஆற்றின் மேல் மூடுபனி கவிந்திருந்த அந்த அதிகாலையில்" என்று ஆரம்பித்து அடித்துவிட்டேன். அன்றைக்கு வெயில் மண்டையைப் பிளந்தது.

"அவள் கண்களுக்குள் ஒரு நதி—" வேண்டாம். அண்ணி இதைக் கேட்டால் என் கண்ணில்தான் நதி ஓடும்.

"மரபுச் சமூகங்களில் மனிதர்கள் எப்படி யோசிக்கிறார்கள் என்பது" என்று கட்டுரை போலத் தொடங்கியது கொஞ்ச தூரம் ஓடியது. ஏனென்றால் அதைப் பற்றி நான் படித்திருந்தேன். தோற்றுப்போனவர் வீட்டில் இருந்தால் மனுஷி எதைத்தான் படிக்க மாட்டாள்! ஒரு காலத்து அறிஞர்கள் நாற்காலியை விட்டு எழுந்திருக்காமலே, பள்ளிக்கூடம் போகாத இப்படிப்பட்ட மக்களுக்கு மனமே வேறு, தர்க்கம் அவர்களுக்குப் பிடிபடாது என்று எழுதினார்கள். பிறகு வந்தவர்கள் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்துவிட்டு, மனம் எல்லாருக்கும் ஒன்றுதான், பள்ளிக்கூடத்துக்காரர்கள் கேட்கிற கேள்விதான் விசித்திரமானது என்றார்கள். முன்பின் தெரியாத ஆள் சொன்னதை அப்படியே நம்பி, அதற்கு மேல் ஒன்றைக் கட்டிச் சொல் என்றால், அது ஒரு விளையாட்டு. விளையாட்டின் விதி தெரிந்தவர்கள் நாம்.

நான் இரண்டாவது கட்சி. ஆனாலும் மனசாட்சியைத் தொட்டுச் சொல்கிறேன், ஒரு நாள் சந்தேகம் வந்தது. ஒருவேளை அண்ணிக்கு நிஜமாகவே பிடிபடவில்லையோ? என் கதாபாத்திரத்தை நானே சந்தேகப்பட்டேன். மறுநாள் படகில் போய் உட்கார்ந்தேன்.

நடு ஆற்றில் அண்ணி சட்டென்று சுக்கானை ஒடித்தாள்.

"என்ன அண்ணி?"

"அங்க கொக்கு நிக்குது பாரு."

"நின்னா?"

"கொக்கு நிக்குற இடத்துல முழங்கால் தண்ணிகூட இருக்காது. அங்க நிக்குது. அப்ப அந்தப் பக்கம் மண்ணு ஏறியிருக்கு. நீயெல்லாம் கதை எழுதி என்னத்தைக் கிழிக்கப்போற!"

எல்லாக் கொக்கும், இந்தக் கொக்கு, ஆகவே. அறிஞர்கள் மூன்று வரியில் எழுதுவதை அண்ணி ஒரு கையில் செய்துவிட்டாள். என் சந்தேகத்தை அப்போதே ஆற்றில் போட்டேன்.

3

அப்படியானால் 'சிவப்பு' என்று ஒரு வார்த்தை சொல்லித் தொலைப்பதற்கு என்ன கேடு? இதை நான் நாகரிகமாகத்தான் கேட்டேன்.

"அண்ணி, அவங்க எதிர்பார்க்கிறது சிவப்புன்னு உங்களுக்குத் தெரியுமா, தெரியாதா?"

"தெரியாம என்ன? அது பச்சப்புள்ளைக்குக்கூடத் தெரியும்."

"அப்ப சும்மா சொல்லிட்டு வாங்களேன்!"

"சும்மா சொல்றதா?" வெங்காயக் கத்தியைக் கீழே வைத்தாள். "இன்னிக்கு நிறத்தைச் சும்மா சொல்லுவேன். நாளைக்கு ஆழத்தைச் சும்மா சொல்லுவேன். இருபது பேர் உக்காந்திருக்காங்க என் படகுல."

இதைப் புரிந்துகொள்ளப் படகுக்காரர்கள் தொழில்முறை தெரிய வேண்டும். காலையில் முதல் நடை ஆள் இல்லாமல் போகும். வழி நெடுக அளவுக் கழியை இறக்கி, இத்தனை முழம் என்று உரக்கச் சொல்லிக்கொண்டே போவார்கள். நேற்று அளந்தது நேற்றோடு சரி. அடியில் மணல் நகர்ந்துகொண்டே இருக்கும். இன்றைக்குக் கழி இறக்காமல் யாராவது ஆழம் சொன்னால், அன்றைக்கு முழுக்கப் படகின் அடியில் தேங்கும் தண்ணீரை அவர்தான் இறைத்து ஊற்ற வேண்டும். கட்டின புருஷன் என்றும் பார்ப்பதில்லை. அண்ணன் தன் வாழ்நாளில் இறைத்த தண்ணீருக்கு ஒரு குளம் வெட்டலாம்.

பார்க்காததைப் பார்த்த மாதிரி சொல்வதுதான் அங்கே பெரிய குற்றம். அந்தக் குற்றத்தைச் செய்தால் மதிப்பெண் தருவோம் என்கிறது தேர்வு.

4

இப்போது தேர்வுக்காரம்மா வருகிறார். அறுபது வயது இருக்கும், நரைத்த கிராப்பு, தோளில் பெரிய துணிப்பை. மனிதர்கள் எப்படி யோசிக்கிறார்கள் என்று ஆராய்வதுதான் அவர் தொழில். கேள்வியை உருவாக்கியதும் அவரே, கேட்பதும் அவரே. முதல் படியில் அவரைக் கொடுமைக்காரியாக எழுதியிருந்தேன். நன்றாக வந்திருந்தது. பாவி மனுஷி ஒரு நாள் படகுத்துறைக்கே வந்து என் வில்லியைக் கெடுத்துவிட்டார்.

"உங்க பதிலை நினைச்சு எனக்கு ரெண்டு வாரமாத் தூக்கமில்ல," என்றார் அண்ணியிடம். "அதான் பாக்க வந்தேன்."

"ஏறுங்க," என்றாள் அண்ணி.

நடு ஆற்றில் மோட்டாரை நிறுத்தினாள். "இப்ப நான் ஒரு கேள்வி கேக்கட்டுமா? நேத்து இந்த இடத்துல ஆறு முழம். மழை இல்ல, வெள்ளம் வரல. இப்ப எத்தனை முழம்?"

"ஆறு," என்றார் அவர், ஒரு கணமும் யோசிக்காமல்.

படகில் இருந்த அத்தனை பேரும் "ஆகா!" என்று கத்தினார்கள். அண்ணி கழியை அவர் கையிலேயே கொடுத்தாள். அவர் இறக்கினார். நாலு முழத்தில் தரை தட்டியது. மறுபடி இறக்கினார். நாலுதான்.

"மணலுக்குக் கால் உண்டுங்கம்மா," என்றாள் அண்ணி. படகின் மறுமுனையில் உட்கார்ந்திருந்த அண்ணன் ஓடிப்போய் வாளியை எடுத்து வந்தான். தனக்கு ஒரு நாள் விடுதலை என்று அவன் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷம்!

அவரும் சளைக்கவில்லை. புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு, சாயங்காலம் வரை தண்ணீர் இறைத்தார், எல்லாரோடும் சிரித்துக்கொண்டே. எனக்கு அவரைப் பிடித்துத் தொலைத்தது.

இறங்கும்போது மட்டும் குரல் தாழ்ந்தது. "நீங்க முட்டாள் இல்லன்னு எனக்குத் தெரியும். ஆனா தாள்ல ஒரே ஒரு கட்டம்தான் இருக்கு. அதுல 'சிவப்பு'ன்னு நீங்க சொன்னாத்தான் நான் எழுத முடியும். நீங்க சொல்லாததைச் சொன்னதா எழுத எனக்கும் மனசு வராது."

"எழுதாதீங்க," என்றாள் அண்ணி. "எழுதினா உங்க மேல இருக்கிற மரியாதை போயிடும்."

இரண்டு பிடிவாதக்காரிகள். நடுவில் எங்கள் சாப்பாட்டுத் தட்டு.

[அடிக்குறிப்பு மாதிரி ஒன்று: இந்த இடத்தில் கதையை நிறுத்தி நான்கு நாள் பேனாவைத் தொடவில்லை. மூன்றாவது தேர்வுக்கு ஒரு வாரம்தான் இருந்தது. நிஜத்தில் வழி இல்லாதபோது கதையில் வழி காட்டுவது அயோக்கியத்தனம் என்று தோன்றியது.]

5

இனி வருவதை நான் யோசித்து எழுதவில்லை. அது நடந்தது.

எழுதியவரைக்கும் சரியா என்று தெரிந்துகொள்ள அண்ணிக்கு வாசித்துக் காட்டினேன். ('உரித்தாள்' எல்லாவற்றையும் வாசிக்கும்போது 'உரித்தார்' ஆக்கிக்கொண்டேன்.) அதில் ஒரு பகுதி உங்களுக்கு நான் காட்டாதது. அந்தச் சிவப்புப் படகை வாங்கியவரைப் பற்றிக் கோபத்தில் நானே கற்பனை செய்து ஒரு கிளைக்கதை எழுதி, பிறகு வெட்டியிருந்தேன். அன்றைக்கு வாசிக்கும்போது தாள் மாறி அது கையில் வந்துவிட்டது.

"ஒரு ஊர்ல ஒரு கருமி இருந்தான்," என்று வாசித்தேன். "அவனுக்குச் சிவப்பைக் கண்டாலே ஆகாது. சிவப்புச் சட்டைக்காரனைக் கண்டால் வேறு தெருவழியாகப் போவான். அவனுக்குப் படகு தேவைப்பட்டது. எங்கேயோ ஓர் ஏரியில் மலிவாகக் கிடைக்கும் என்று கேள்விப்பட்டுப் போனான். அந்த ஏரியில் இருந்த படகுகள் எல்லாம் சிவப்பு. இருட்டில் பேரம் பேசி, இருட்டிலேயே பணம் கொடுத்து, விடிவதற்குள் வீட்டு வாசலில் கொண்டுவந்து—"

"அய்யய்யோ!" அண்ணி தொடையில் அடித்துக்கொண்டு சிரித்தாள். "விடிஞ்சதும் பாத்தா சிவப்பால்ல இருக்கும்! செத்தான் கருமி!"

நான் தாளைக் கீழே வைத்தேன்.

"அண்ணி. அது எப்படிச் சிவப்பா இருக்கும்?"

"எல்லாம் சிவப்புன்னு இப்பத்தானே சொன்ன?"

"நீங்க அந்த ஏரிக்குப் போனீங்களா?"

"இது கதைதானேம்மா! கதையில சொல்றவ வச்சதுதான் சட்டம். நீ கொக்கு பேசுதுன்னா பேசும். படகு சிவப்புன்னா சிவப்பு. அதுல நான் எதுக்குக் கழி இறக்கணும்? யாரும் முழுகிட மாட்டாங்களே."

அண்ணன் உள்ளே இருந்து, "என்ன சத்தம்?" என்றான். நான் அண்ணியைக் கட்டிப்பிடித்துக் குதித்துக்கொண்டிருந்தேன். அவளுக்கு ஒன்றும் புரியவில்லை. பிறகு நிதானமாகச் சொன்னேன். தேர்வில் கேட்பது சேதி இல்லை அண்ணி, கதை. மூன்று வரிக் கதை. மொட்டையான கதை. கருமியும் இல்லை, இருட்டும் இல்லை, அதனால்தான் அடையாளம் தெரியவில்லை.

அண்ணி கீழே கிடந்த தாளை எடுத்து என் கையில் திணித்தாள்.

"கதைன்னா முதல்லயே கதைன்னு சொல்ல வேண்டியதுதானே? மேசையும் முத்திரையும் வச்சுக்கிட்டு, மூஞ்சியை உம்முன்னு வச்சுக்கிட்டு யாராவது கதை சொல்லுவாங்களா?"

அத்தனை புத்தகத்தில் நான் தேடியது இந்த ஒரு வாக்கியம்தான்.

"சரி, இப்ப போய்ச் சிவப்புன்னு சொல்லிடுவீங்கல்ல?"

"நீ கதைங்குற. அது நீ சொல்றது. கேள்வி கேக்குறது அந்தம்மா. அவங்க வாயால வரட்டும்."

பாருங்கள், எப்பேர்ப்பட்டவளிடம் நான் மாட்டிக்கொண்டிருக்கிறேன்!

6

முடிவுகள் நிறைய எழுதி வைத்திருந்தேன். ஒன்றில் அண்ணி உரிமத்தோடு வெளியே வருகிறாள், படகுத்துறையே கைதட்டுகிறது. எழுதும்போது நானே கைதட்டினேன், மறுநாள் வாசித்தால் கூச்சமாக இருந்தது. இன்னொன்றில் தேர்வுக்காரம்மா கேள்வித்தாளைக் கிழித்துப் போட்டுவிட்டு— இல்லை, அவர் காகிதம் கிழிக்கிற ஆள் இல்லை. மூன்றாவது சோகமானது. அண்ணன் படகுத்துறைச் சாவியைக் கொண்டுபோய் வேறு ஆளிடம்— அதை முடிக்கவில்லை. முடிக்கவும் மாட்டேன்.

அண்ணியிடமே கேட்டேன், எதை வைக்கட்டும் என்று.

"என் கொக்கைப் பத்தி எழுதினியே, அது நீ பாத்தது. பாத்ததைப் பாத்த மாதிரியும், கதையைக் கதை மாதிரியும் எழுது. ரெண்டையும் ஒரே சட்டியில போட்டுக் கிண்டாத."

ஆகவே பார்த்ததை மட்டும் சொல்கிறேன்.

தேர்வு நாளில் நானும் அண்ணனும் நடைபாதை பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். அண்ணன் என் கையைப் பிடித்துக்கொண்டான். சின்ன வயதில்கூட அவன் அப்படிப் பிடித்ததில்லை. அறைக் கதவு சாத்தியிருந்தது, ஆனால் மேலே காற்றுக்கு விட்டிருந்த ஜன்னல் திறந்திருந்தது. தேர்வுக்காரம்மா கேள்வியை வாசிப்பது கேட்டது. தொலைவில் ஓர் ஏரி. எல்லாம் சிவப்பு. ஒருவர் வாங்கினார். என்ன நிறம்?

அண்ணனின் பிடி இறுகியது.

பிறகு அண்ணியின் குரல். படகில் கேட்கிற அதே தெளிவான, உரத்த குரல்.

"அம்மா, ஒண்ணு கேக்குறேன், கோவிச்சுக்காதீங்க. இது நீங்க பாத்ததா, இல்ல கதையா?"

பேனாவை மேசையில் வைக்கிற சத்தம். நாற்காலி பின்னால் தள்ளப்படுகிற சத்தம். அப்புறம் ஒரு சிரிப்பு, முதலில் ஒருவர், பிறகு இரண்டு பேர். தண்ணீர் இறைத்த அன்றைக்குக் கேட்ட அதே சிரிப்பு. அடக்க முடியாமல், விட்டு விட்டு, வெகு நேரம்.

"என்ன சொன்னாங்களாம்?" என்றான் அண்ணன்.

தேர்வுக்காரம்மா ஏதோ பதில் சொன்னார். ஆனால் சிரித்துக்கொண்டே சொன்னதால் சரியாகக் காதில் விழவில்லை. 'பாத்தது', 'கதை', இரண்டில் ஒன்றைத்தான் சொல்லியிருக்க முடியும். எதுவென்று நீங்கள் தாராளமாக ஊகிக்கலாம், உங்களுக்கு அந்த விளையாட்டு தெரியும். நான் ஊகிக்கப் போவதில்லை.

பேனாவை மூடிவிட்டு, எழுந்து கதவைத் தட்டப் போகிறேன்.