முதலில் இடத்தைக் காட்டட்டும்

என் அப்பாவுக்குத் தாமதம் என்றால் ஆகவே ஆகாது. பேருந்து நிலையத்தில் டைம்கீப்பராக இருந்து ஓய்வு பெற்றவர். ஒரு வண்டி கொஞ்சம் பிந்தி வந்தாலும் ஓட்டுநரை உண்டு இல்லை என்று பண்ணிவிடுவார். வீட்டிலும் அதே கதைதான். குளியலறையில் கொஞ்ச நேரம் கூடுதலாக இருந்தால் போதும், கதவைத் தட்டி, "உள்ளயே குடித்தனம் நடத்துறியா?" என்பார். அந்தக் கோபம் அச்சு அசலாக எனக்கும் வந்திருக்கிறது. ஆகவே அவரைப் பற்றிச் சொல்லும்போது நான் கொஞ்சம் சூடாகப் பேசினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

இப்படிப்பட்ட மனிதரைத்தான் விதி கொண்டுபோய் நீதிமன்ற வராந்தாவில் உட்கார வைத்தது. என் தம்பியைக் கொன்றவனுக்குத் தூக்கு என்று தீர்ப்பு வந்துவிட்டது. ஆனால் அப்பீல், மறுபடி அப்பீல், கருணை மனு என்று வருஷங்கள் போய்க்கொண்டே இருந்தன. அப்பாவால் தாங்க முடியவில்லை. மனு எழுதினார். அமைச்சகத்துக்கு நடந்தார். அங்கே ஒரு குமாஸ்தாவைச் சிநேகம் பிடித்துக்கொண்டார். "கோப்பு எங்க இருக்கு? யாரு மேசையில தூங்குது?" என்று போகும்போதெல்லாம் அவரைக் குடைவார். அந்தக் குமாஸ்தாவும் பாவம், பிள்ளையைப் பறிகொடுத்தவர் என்று இரக்கப்பட்டு, கோப்பின் மேல் 'அவசரம்' என்று சிவப்புச் சீட்டு ஒட்டிவைத்தார். அன்றைக்கு அப்பா வீட்டுக்கு வந்த நடையே வேறு.

கொன்றவன் ஒன்றும் அந்நியன் இல்லை. தலைமுடியைப் பார்த்து நாங்கள் வைத்த பெயர் சுருட்டை. அவனும் தம்பியும் கூட்டாகத் தண்ணீர் மோட்டார் பழுதுபார்க்கும் கடை வைத்திருந்தார்கள். பெற்ற அம்மா கிராமத்தில் இருந்ததால் அவனுக்குப் பாதி நாள் சாப்பாடு எங்கள் வீட்டில்தான். என் அம்மாவை அவனும் அம்மா என்றுதான் கூப்பிடுவான். கடையை யார் பேரில் வைப்பது என்று ஒருநாள் குடித்துவிட்டு இரண்டு பேருக்கும் வாய்ச்சண்டை. சண்டை முற்றி, ஸ்பானரை எடுத்து ஓங்கிவிட்டான். தம்பியைக் கடை வேனில் ஏற்றிக்கொண்டு போய் எங்கேயோ புதைத்தான். விடிந்ததும் தானே போய்ப் போலீஸில் நின்றான்.

எங்கே புதைத்தாய் என்று கேட்டால் மட்டும் அவனுக்குச் சொல்லத் தெரியவில்லை. போதையில் போன வழி. போலீஸ்காரர்கள் அடித்தார்கள். அடி தாங்காமல் அவன் கை நீட்டிய இடத்தையெல்லாம் தோண்டினார்கள். மண்தான் வந்தது. உடலை மறைத்துவைத்து, தேடியவர்களையும் அலைக்கழித்தது ஈவிரக்கமில்லாத செயல் என்று நீதிபதி தீர்ப்பில் எழுதினார். ஆயுள் தண்டனையோடு முடிந்திருக்க வேண்டியது தூக்கு வரைக்கும் போனது அதனால்தான் என்று எங்கள் வக்கீல் பிறகு சொன்னார். அன்றைக்கு எனக்கும் சந்தோஷமாகத்தான் இருந்தது. இல்லை என்று பொய் சொல்ல மாட்டேன்.

அம்மா மட்டும் தீர்ப்பைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவளுக்கு வேறு கவலை. அடையாளம் தெரியாத உடல் என்று எங்காவது செய்தி வந்தால் போதும், கையில் இருக்கிற வேலையை அப்படியே போட்டுவிட்டுக் கிளம்பிவிடுவாள். எத்தனை பிணவறைகளின் வாசலில் நான் அவளோடு நின்றிருக்கிறேன் தெரியுமா? "கொஞ்சம் அழுதாலாவது மனசு லேசாகும்மா" என்று ஒருநாள் சொன்னேன். "முகத்தைப் பாக்காம எதைப் பாத்துடி அழறது?" என்று கேட்டாள். 

கருணை மனுவைத் தள்ளுபடி செய்துவிட்டார்கள் என்று கேள்விப்பட்ட அன்றைக்கு அம்மா என்னைத் தனியாக அழைத்தாள்.

"என்னை ஜெயிலுக்குக் கூட்டிட்டுப் போ. அப்பாகிட்ட மூச்சு விடாத."

"எதுக்கும்மா? அந்தப் பாவி மூஞ்சியில முழிக்கவா?"

"கேக்கணும்."

கூட்டிக்கொண்டு போனேன். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் வந்து நின்றவனை எனக்கு அடையாளமே தெரியவில்லை. மொட்டைத் தலை. அம்மாவைப் பார்த்ததும் வலையைப் பிடித்துக்கொண்டு அப்படியே தரையில் உட்கார்ந்துவிட்டான். திட்டவேண்டும் என்று நான் பக்கம் பக்கமாகத் தயார் செய்து வைத்திருந்தேன். அதற்குள் அம்மா சுற்றி வளைக்காமல் நேராகக் கேட்டாள்.

"எங்கடா வச்சிருக்க என் புள்ளைய?"

"இடத்தைச் சொல்லத் தெரியலம்மா. சத்தியமா. ஆனா வழி இப்போ ஞாபகம் வருது. குடி இல்லாம இத்தனை வருஷம் இங்க கிடந்து தினமும் அந்த வண்டியத்தான் ஓட்டிட்டு இருக்கேன். ஒரு பாலம் வரும். தாண்டினா வளைவு. அப்புறம் கரண்டு ஆபீஸ் மாதிரி ஒண்ணு, ஙொய்ங்குன்னு சத்தம் வரும். அது தாண்டி மண் பாதையில இறங்கினேன். வாயால சொன்னா குழம்புதும்மா. கடை வாசல்ல இருந்து ஒரு தடவை வண்டியில ஏத்திட்டுப் போகச் சொல்லுங்க. கை தானா திரும்பும். காட்டிடுவேன்."

"காட்டினா உன்னை விட்டுடுவாங்கன்னு நினைக்கிறியா?" என்று நான் கேட்டேன்.

"எனக்கு ஒண்ணும் வேண்டாம்க்கா. காட்டிட்டுத் திரும்பி வந்துடறேன். அப்புறம் எப்போ வேணும்னாலும் போடட்டும்."

வீட்டுக்கு வந்து அப்பாவிடம் சொன்னோம். குதி குதி என்று குதித்தார். "நாள் கடத்தறான்! நல்லா காது குத்தி அனுப்பியிருக்கான், ரெண்டு பேரும் காதை நீட்டிக்கிட்டு வந்திருக்கீங்க!" என்று கத்தினார். அம்மா பதிலுக்குக் கத்தவில்லை. "அவனை விட்டுடுங்கன்னு நான் சொல்லலைங்க. முதல்ல இடத்தைக் காட்டட்டும். அப்புறம் உங்க இஷ்டம், கவர்மெண்ட் இஷ்டம்" என்றாள். அவ்வளவுதான். அதற்குப் பிறகு அப்பாவோடு பேச்சை நிறுத்திவிட்டாள்.

நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி நாலு கேள்வி கேட்கிறேன் என்று அப்பா தானே சிறைக்குப் போனார். திரும்பி வந்தவர் சட்டையைக்கூடக் கழற்றாமல் கட்டிலில் உட்கார்ந்துவிட்டார். என்ன ஆயிற்று என்று கேட்டேன். "புதைக்கும்போது ஒரு கால்ல செருப்பு இல்லையாம். வண்டியில தேடி எடுத்துட்டு வந்து மாட்டி விட்டானாம். கல்லு குத்தும்னு தோணுச்சாம் அந்த நாய்க்கு" என்றார். பிறகு துண்டால் முகத்தை மூடிக்கொண்டார். அவர் நம்பிவிட்டார் என்று எனக்குத் தெரிந்துவிட்டது.

மறுநாளே நானும் அப்பாவும் அமைச்சகத்துக்குப் போனோம். குமாஸ்தா எங்களைப் பார்த்ததும் எழுந்து நின்று நாற்காலி போட்டார். தேநீர் வரவழைத்தார். முகமெல்லாம் சிரிப்பு.

"ஐயா, உங்க வேலை பழமா முடிஞ்சுடுச்சு! மேலிடத்துல கையெழுத்தே ஆயிடுச்சு. தேதிதான் ரகசியம், எனக்கே தெரியாது. ஆனா ரொம்ப நாள் இல்லை."

அப்பா தேநீரைத் தொடவில்லை. "அதைக் கொஞ்சம் நிறுத்தி வைக்கணும்" என்றார்.

"எதை?"

"தூக்கை."

குமாஸ்தா என்னைப் பார்த்தார். பெரியவருக்குப் புத்தி கலங்கிவிட்டதோ என்று நினைத்திருப்பார். நான் எல்லாவற்றையும் சொன்னேன். நல்ல மனிதர், உடனே எங்களைப் பெரிய அதிகாரியின் அறைக்கு அழைத்துப் போனார். அந்த அதிகாரியும் நல்லவர்தான். அதுதான் எனக்கு இன்றைக்கும் ஆற்றாமையாக இருக்கிறது. ஒருத்தர் எரிந்து விழுந்திருந்தாலாவது சண்டை போட்டிருப்பேன்.

"உத்தரவு போட்டாச்சும்மா. இதுக்கு மேல அவன் வெளி வாசலைத் தாண்ட முடியாது. அதுக்கு விதி கிடையாது."

"ஒரு நாள் சார். போலீஸ் வண்டியிலயே போகட்டும். கையில விலங்கு, கால்ல விலங்கு எல்லாம் போடுங்க" என்றார் அப்பா.

"ஏற்கெனவே வெளிய கூட்டிட்டுப் போய் ஏமாத்தியிருக்கான்னு தீர்ப்புலயே இருக்கு. மறுபடி எப்படிங்க அனுப்புறது? அவன் கேட்டா தந்திரம்பாங்க. நீங்க கேட்டா..." அதிகாரி கோப்பைப் புரட்டினார். தடி தடியாக அப்பாவின் மனுக்கள். "நீங்கதான் சார் ஒவ்வொரு மனுவுலயும் ஒரு நாள் கூடத் தள்ளக்கூடாதுன்னு எழுதியிருக்கீங்க. அதை மேற்கோள் காட்டித்தான் கருணை மனுவையே தள்ளுபடி பண்ணியிருக்காங்க."

அப்பா தன் கையெழுத்தையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். பிறகு, "புதுசா மனு குடுத்தா எத்தனை நாள் ஆகும்?" என்று கேட்டார்.

"முறைப்படி போகணும். நாளாகும்."

வாழ்க்கையிலேயே முதல்முறையாக, நாளாகும் என்று ஒருவர் சொல்லி அப்பா கோபப்படவில்லை. பேனா இருக்கிறதா என்று என்னிடம் கேட்டார். அங்கேயே உட்கார்ந்து மனு எழுதினார்.  குமாஸ்தா அதிலும் ஒரு சிவப்புச் சீட்டை ஒட்டினார்.

மனு போன இடத்திலிருந்து பதில் வரவில்லை. சும்மா உட்கார்ந்திருக்க அம்மாவால் முடியுமா? ஞாயிற்றுக்கிழமை நாங்களே கிளம்பினோம். பூட்டிக்கிடந்த கடை வாசலிலிருந்து நான் காரை ஓட்டினேன். முன்சீட்டில் அம்மா, பின்னால் அப்பா. பாலம் வந்தது. ஒன்று இல்லை, புதிதாகப் பக்கத்தில் இன்னொன்றும் கட்டியிருந்தார்கள். சாலையை அகலப்படுத்தி வளைவையெல்லாம் நேராக்கிவிட்டார்கள். மின்சார ஙொய்ங் சத்தம் இரண்டு இடத்தில் கேட்டது. இரண்டு இடத்திலும் அம்மா இறங்கி, மண் பாதை இருந்த இடமெல்லாம் நடந்தாள். ஒரு பக்கம் முள்வேலி போட்ட கிடங்கு, இன்னொரு பக்கம் வரிசையாகப் புது வீடுகள். அப்பா கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே அவள் பின்னால் போனார்.

"முதல் சத்தமா, ரெண்டாவது சத்தமா? தாண்டி இடது பக்கமா, வலது பக்கமா? இது ரெண்டும் தெரிஞ்சா போதுங்க" என்றாள் அம்மா, வண்டியில் ஏறும்போது. அவள் அப்பாவோடு மறுபடி பேச ஆரம்பித்தது அப்போதுதான். "புதன்கிழமை ஜெயில்ல பாக்கற நாள். நானே வந்து கேக்கறேன்" என்றார் அப்பா. திரும்புகிற வழியெல்லாம் இரண்டு பேரும் என்னென்ன கேட்கவேண்டும் என்று பேசிக்கொண்டே வந்தார்கள். அவர்கள் அப்படி ஒற்றுமையாகப் பேசி எத்தனை காலம் ஆகிவிட்டது! கேட்கவே எனக்கு ஆசையாக இருந்தது.

செவ்வாய்க்கிழமை காலையில் அப்பாவின் போன் அடித்தது. அப்பாவுக்குக் காது மந்தம். அதனால் அந்தப் பக்கம் பேசுகிறவர்கள் எப்போதும் உரக்கப் பேசுவார்கள். பக்கத்தில் துணி மடித்துக்கொண்டிருந்த எனக்கு எல்லாம் கேட்டது. பேசியது குமாஸ்தா.

"ஐயா, உங்களுக்குத்தான் முதல்ல சொல்றேன். விடியக்காலையில முடிச்சுட்டாங்க. உங்க புது மனு மேல போய்ச் சேரவே இல்லை, நான் என்ன செய்ய... ஆனா உங்க பழைய கோரிக்கைப்படி ஒரு நாள் கூடத் தள்ளல. அவனோட உடம்பை அவங்க அம்மாகிட்ட ஒப்படைச்சாச்சு."

"ரொம்ப நன்றிங்க" என்றார் அப்பா.

வாய்ப்பழக்கம். அத்தனை வருஷமாக அந்த மனிதரிடம் பேசி முடிக்கும்போதெல்லாம் சொன்ன வார்த்தை. சொன்ன பிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கே உறைத்திருக்க வேண்டும். போனை வைக்கத் தெரியாமல் கையிலேயே பிடித்துக்கொண்டு நின்றார்.

"யாருங்க? ஜெயில்ல இருந்தா?" அம்மா சமையலறையிலிருந்து ஈரக்கையோடு வந்தாள். "நாளைக்கு எத்தனை மணிக்கு வரச் சொல்றாங்க?"

அப்பா என்னைப் பார்த்தார். பெரிய மனிதர், ஊரையே விரட்டினவர், அதைச் சொல்கிற வேலையை என் தலையில் போட்டுவிட்டார். நான்தான் சொன்னேன். முடிந்துவிட்டதாம் என்றேன்.

அம்மா ஈரக்கையை முந்தானையில் துடைத்துக்கொண்டாள்.

"உடம்பு?"

"அவங்க அம்மாகிட்ட குடுத்துட்டாங்களாம்."

"குடுத்துட்டாங்களா? நல்லது." தலையை ஆட்டிக்கொண்டாள். பிறகு அப்பாவின் பக்கம் திரும்பினாள். குரலில் கோபம் துளிகூட இல்லை. வழி தெரியாத ஊரில் யாரையாவது நிறுத்தி விசாரிக்கிற மாதிரிதான் கேட்டாள்.

"அவ புள்ளைய அவகிட்ட குடுத்துட்டாங்க. என் புள்ளை எங்கன்னு இனிமே நான் யாருகிட்டங்க போய்க் கேக்கறது?"