பலமுறை வழங்கப்பட்ட பாவாடை

மாதுங்காவிலும் கிங்ஸ் சர்க்கிளிலும் ட்ராம் போய்த் திரும்புகிற தூரம் வரையிலும் வசிக்கும் தமிழ்ப் பெருமக்கள் எழுந்து நின்று கேட்க வேண்டிய செய்தி இது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்து நாற்பத்திரண்டாம் வருஷம் ஆனி மாதம், தென்னிந்திய ஸத்காரிய சபையின் நிர்வாகக் கமிட்டி கூடி, கேரியரில் வந்த இட்லி தீர்ந்த பிறகு, பர்மாவிலிருந்து நடந்து வந்த தமிழ்க் குழந்தைகள் அனைவரையும் கல்வி கொடுத்துக் கரையேற்றுவது என்று ஏகமனதாகத் தீர்மானித்தது.

அனைவரையும் என்றால், முதலில் ஒரு குழந்தை.

"ஸாம்பிள் பார்த்துட்டு மத்தவாளை எடுத்துக்கலாம்" என்றார் செயலாளர் வேங்கடசுப்ரமணியன். கோட்டை வட்டாரத்தில் ஓர் இன்ஷ்யூரன்ஸ் கம்பெனியில் ஹெட் கிளார்க். கத்தரிக்காயைக்கூட ஒன்று நறுக்கிப் பார்த்துவிட்டுத்தான் வாங்குவார்.

மாதுங்காவில் அகதிக் குழந்தை கிடைக்கவில்லை. ரங்கூனில் உத்தியோகம் பார்த்த மாதுங்கா உறவினர்களுக்கெல்லாம் கப்பலில் இடம் கிடைத்திருந்தது. அவர்கள் மைத்துனர் வீட்டில் இறங்கி, குளித்து, வேறு உத்தியோகமும் தேடிக்கொண்டுவிட்டார்கள். நடந்தே வந்த அகதி வேண்டுமானால் தாராவிக்குத்தான் போயாக வேண்டும். செயலாளர் மூக்கில் கைக்குட்டையை வைத்துக்கொண்டு போனார். தோல் பதனிடும் ஷாப்புகளுக்குப் பின்னால் கோலி என்று சொல்லும் ஒரு தகர அறையில் முருகம்மாளும் அவள் மகளும் இருந்தார்கள்.

முருகம்மாளின் புருஷன் ரங்கூன் அரிசி ஆலையில் மூட்டைக்குக் கணக்குச் சொல்கிறவன். குண்டு விழுந்த அன்று துறைமுகத்துக்குப் போனவன் திரும்பவில்லை. அவள் இரண்டு பிள்ளைகளோடு நடக்க ஆரம்பித்து, ஒன்றோடு வந்து சேர்ந்தாள். இப்போது தோல் ஷாப்பில் ரோமம் சுரண்டுகிற வேலை.

"குழந்தை பேரென்ன?" என்றார் செயலாளர்.

"இசக்கி" என்றாள் குழந்தையே. பதினோரு வயது. கால் மட்டும் முப்பது வயசுக் கால் மாதிரி வெடித்திருந்தது.

"படிச்சிருக்கியோ?"

"ரங்கூன்ல அஞ்சு முடிச்சாச்சி. ஆறாவதுல போடுவீயளா?"

அகதி நிபந்தனை போடும் என்று செயலாளர் எதிர்பார்க்கவில்லை. "சேர்த்துக்கறதே பெரிசு. கிளாஸெல்லாம் அப்புறம்."

"அஞ்சு முடிச்சிட்டேம்லா. திருப்பி அஞ்சுல போட்டா நான் வரல."

"ஏட்டி, வாயை மூடு" என்றாள் முருகம்மாள். "கோவிச்சுக்கிடாதீய சாமி. அவளுக்குப் படிப்புக் கிறுக்கு. மலைப்பாதை பூரா தம்பிக்காரனுக்கு வாய்ப்பாடு சொல்லிக் குடுத்துக்கிட்டே வந்தா. அவன் ஏழாம் வாய்ப்பாட்டோட நின்னுட்டான்."

எங்கே நின்றான் என்று செயலாளர் கேட்கவில்லை. துர்நாற்றம் தாங்கவில்லை, கைக்குட்டையைப் புரட்டி மறுபக்கத்தை வைத்துக்கொண்டார்.

சபையின் பாடசாலையில் தலைமையாசிரியர் சுந்தரராமன் பின்னக் கணக்கு இரண்டு கொடுத்தார். இசக்கி பலகையில் எழுதிய வேகத்தைப் பார்த்துவிட்டு, மூன்றாவதாக வட்டிக் கணக்கு ஒன்றும் கொடுத்தார். பிறகு பேசாமல் ஆறாம் வகுப்பு ரிஜிஸ்தரில் பெயரை எழுதினார்.

"இதோ பார். இலவச சீட்டுக்கு விதி உண்டு. முக்கால்வாசி நாள் காலையும் மத்தியானமும் ஆஜர் இருக்கணும். இருந்தாத்தான் வருஷப் பரீட்சை எழுத விடுவோம். எழுதலேன்னா சீட்டு போயிடும். புரிஞ்சுதா?"

"காய்ச்சல் வந்தாலும் வருவேன் சார்."

காய்ச்சல் வரவில்லை. சபைதான் வந்தது.

ஒரு குழந்தையைக் கரையேற்றினால் அதை ஊரார் பார்க்க வேண்டும். பார்த்தால்தான் நிதி சேரும். ஆகவே விழா. அப்போது யுத்த காலம், இருட்டடிப்பு உத்தரவு. பொழுது சாய்ந்து விளக்குப் போட்டு விழா நடத்த முடியாது. ஞாயிற்றுக்கிழமையிலோ வாடகை ஹால் கல்யாணக்காரர்கள் கையில். எனவே சபையின் விழாக்கள் எல்லாம் வாரநாளில் மத்தியானம் இரண்டு மணிக்கு நடந்தன. அதே இரண்டு மணிக்குப் பாடசாலையில் கணக்கு வகுப்பும் நடந்தது என்பது கமிட்டியின் கவனத்துக்கு வரவில்லை. பாடசாலையை நடத்துவதும் அதே கமிட்டிதான் என்பதால் யாரும் யாரிடமும் சொல்லவில்லை.

முதல் விழாவுக்கு முன்னால் மாதர் பகுதித் தலைவி ஷ்யாமளா மாமி இசக்கியை மேலும் கீழும் பார்த்தார்.

"அகதி மாதிரியே இல்லையேடீ! நடந்து வரச்சே உடுத்திண்டிருந்த பாவாடை எங்கே?"

"அது கந்தலாயிட்டு. வாற வழியிலயே அடுப்புத் துணியாக்கியாச்சி."

"அப்போ இதையே கொஞ்சம் கிழிச்சுக்கோ."

"எங்கிட்ட இது ஒண்ணுதான் இருக்கு."

"அதுக்கென்ன, மேடையிலே புதுசு தரப்போறோமே!" என்று மாமி தாமே கத்திரிக்கோல் எடுத்து, முழங்காலுக்குக் கீழே ரசனையோடு மூன்று இடத்தில் கிழித்தார்.

மேடையில் தந்தார்கள். நீலச் சீட்டிப் பாவாடை ஒன்று, ரிப்பன் கட்டிய புத்தகக் கட்டு ஒன்று. போட்டோ எடுத்தார்கள். ஜனங்கள் கைதட்டினார்கள். இசக்கி இரண்டையும் மார்போடு அணைத்துக்கொண்டு படியிறங்கினாள். கடைசிப் படியில் செயலாளர் கைநீட்டினார்.

"கொண்டா."

"குடுத்தீயளே?"

"குடுத்தோம். வியாழக்கிழமை மாதர் பகுதியிலேயும் குடுக்கணுமோன்னோ? அவா குடுக்க வேண்டாமா? எல்லாருக்கும் புண்ணியத்திலே பங்கு வேணும்மா."

இப்படியாக அந்தப் பாவாடை அவளுக்கு ஆடியில் மூன்று முறையும் ஆவணியில் அதற்கு மேலும் வழங்கப்பட்டது. ஒவ்வொரு விழாவுக்கும் மறுநாள் பள்ளிக்கூடத்துக்கு அவள் கிழிந்த பாவாடையில் வந்தாள். புத்தகம் இல்லாததால் இன்னொரு பெண்ணின் புத்தகத்தைத் தலைகீழாக, எதிரே இருந்து படித்தாள். விழா முடிந்ததும் எல்லாருக்கும் காபி உண்டு. எந்தக் கூட்டத்திலும் வெள்ளி டம்ளர் சரியாக ஒன்று குறைந்துவிடும். இசக்கிக்குத் தொன்னையில் ஊற்றினார்கள்.

மாதர் பகுதியில் ஒரு குறை சொன்னார்கள்.

"குழந்தை அழவே இல்லையே! போன மாசம் ஹரிகதைக்கு ரெண்டு கர்சீப் நனைஞ்சுது எனக்கு. இது ஏதோ கணக்கு ஒப்பிக்கறாப்பல ஒப்பிக்கறது."

செயலாளர் இசக்கியை உட்கார வைத்து விசாரித்தார்.

"காட்டுலே புலி வந்துதோ?"

"வரல."

"யானை?"

"வரல. பேதி வந்துது. எல்லாருக்கும் பேதி. என் தம்பியும் அதுலதான்..."

"ஐயையோ! அதை மேடையிலே சொல்லப்படாது. எதிர்க்கவே பக்ஷணம் வச்சிருப்பா. புலின்னு சொல்லு."

"புலி வரலேன்னு சொன்னேம்லா சார்."

"நீ பார்த்திருக்க மாட்டே. நடுக்காடு. புலி இல்லாம இருக்குமோ? நான் சொல்றேன், நீ தலையை ஆட்டு. போதும்."

நவராத்திரி விழாவுக்கு முருகம்மாளையும் வரச் சொல்லியிருந்தார்கள். ஷாப்பில் அரை நாள் கூலியை விட்டுவிட்டு வந்து, செருப்புகள் கிடந்த வாசலுக்கு உட்புறமாக நின்றாள். செயலாளர் மேடையில் உணர்ச்சிவசப்பட்டார். காரிருள், கானகம், சீறிப் பாய்ந்த வேங்கை, அதன் வாயிலே அருமைச் சிறுவன், கதறிய தமக்கை. மைசூர்பாகு வாய்க்குப் போகாமல் பாதியில் நின்றது. ஷ்யாமளா மாமி மூன்றாவது கர்சீப்பைக் கேட்டு வாங்கினார்.

"சாமி" என்று வாசலிலிருந்து ஒரு குரல் கேட்டது. "எம் பிள்ளை புலி வாயில போகல சாமி. பேதியில போனான். ரெண்டு நாள் தூக்கிக்கிட்டு நடந்தேன். பொறவு நாந்தான் கையால மண்ணைப் பறிச்சு மூடுனேன். புலி தின்னுட்டுதுன்னு சொல்லாதீய. நல்லா மூடித்தான் வச்சிருக்கேன்."

கூட்டம் திரும்பிப் பார்த்தது. செயலாளர் ஒரு நிமிஷம் திணறினார். ஒரே நிமிஷம்தான்.

"பாருங்கள் சகோதரிகளே! துக்கத்தால் சித்தம் கலங்கிய தாய்!"

அன்று சேர்ந்த நிதி அதுவரை சேர்ந்ததைவிட அதிகம். வீட்டுக்குப் போகிற வழியில் முருகம்மாள் மகளிடம் ஒன்றே ஒன்று கேட்டாள்.

"நீயும் தலையை ஆட்டுனியேட்டி?"

"ஆட்டலேன்னா சீட்டு போயிரும்மா."

இதற்குள் நிதி வேறு வளர்ந்துவிட்டிருந்தது. அகதிக் குழந்தைகள் படிக்கப் பள்ளிக்கூடம் வேண்டும், பள்ளிக்கூடத்துக்கு ஹால் வேண்டும், ஹாலுக்கு மேடை வேண்டும், மேடை இருந்தால் விழாவுக்கு வெளியே வாடகை தர வேண்டாம் என்று கமிட்டி படிப்படியாக யோசித்து, அகதி நிதியைக் கட்டட நிதி ஆக்கியிருந்தது.

அரைப் பரீட்சையில் கணக்குப் பேப்பர் இருந்த அன்று காலை, செயலாளர் வகுப்பு வாசலில் வந்து நின்றார். அவருடைய கம்பெனியில் டிபன் வேளைக் கூட்டம், துரையே வருகிறார்.

"பரீட்சை அன்னிக்கா?" என்றார் சுந்தரராமன்.

"துரை வரார் ஓய்! உம்ம ஸ்கூலுக்குத்தானே ஹால்?"

தலைமையாசிரியர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். துடைத்து முடிப்பதற்குள் இசக்கியைக் கூட்டிப் போய்விட்டார்கள்.

கோட்டையில் மின்விசிறியின் கீழே துரை உட்கார்ந்திருந்தார். புலி வந்து போயிற்று. பாவாடை வழங்கப்பட்டது. துரை கனிவோடு, இந்தச் சிறுமிக்கு என்ன வேண்டும் என்று கேட்டார். செயலாளர் தமிழில் திருப்பிச் சொன்னார்.

இசக்கி பாவாடையை மேஜை மேல் வைத்தாள்.

"இன்னைக்கு எனக்குக் கணக்குப் பரீட்சை. என்னை இங்கன கூட்டிட்டு வந்துட்டாவ. இப்பவும் விட்டா ஓடிப் போயி பாதியாவது எழுதுவேன். எனக்குப் பாவாடை வேண்டாம். என்னைப் பள்ளிக்கூடத்துக்கு விடச் சொல்லுங்க."

செயலாளருக்கு வேர்த்தது. ஆனால் ஹெட் கிளார்க் உத்தியோகத்துக்குச் சும்மா வந்துவிடவில்லை. இந்தக் குழந்தைக்குப் பாவாடை வேண்டாமாம், பள்ளிக்கூடம்தான் வேண்டுமாம் என்று இங்கிலீஷில் சொன்னார். முதலில் இருந்த மூன்று வாக்கியங்கள் துரைக்குப் போய்ச் சேரவில்லை. துரை எழுந்து நின்று கைதட்டினார். குமாஸ்தாக்கள் எல்லாரும் எழுந்து நின்று தட்டினார்கள். அவர்களுக்குத் தமிழ் நன்றாகத் தெரியும்.

திரும்புகையில் செயலாளர் பிரமாதமான குஷியில் இருந்தார். "என்னமா சொன்னே, போ! யாரு சொல்லிக் குடுத்தா? இனிமே ஒவ்வொரு இடத்திலேயும் கடைசியிலே இதைச் சொல்லு. பாவாடையை வைக்கறயே, அதையும் வை. மெதுவா வை."

சொன்னாள். மார்கழி, தை, மாசி மூன்று மாதமும் அநேகமாகத் தினமும், மாஹீமிலும் செம்பூரிலும் குர்லாவிலும், என்னைப் பள்ளிக்கூடத்துக்கு விடுங்கள் என்று பள்ளிக்கூட நேரத்தில் மேடை மேடையாக நின்று சொன்னாள். ஒவ்வொரு முறையும் நிஜமாகவே சொல்லிப் பார்த்தாள். ஒவ்வொரு முறையும் கைதட்டினார்கள்.

பங்குனியில் பாடசாலைக் கமிட்டி கூடியது. ஆறாம் வகுப்பு இசக்கி பாதி நாள்கூட ஆஜராகவில்லை என்று சுந்தரராமன் தரையைப் பார்த்துக்கொண்டு வாசித்தார். விசேஷமாக விட்டுக்கொடுக்கலாமா என்று ஓர் அங்கத்தினர் கேட்டார். விதி எல்லாருக்கும் ஒன்று, அகதி என்று சலுகை காட்டினால் அகதியை அவமதித்ததாகும் என்றார் செயலாளர். அங்கத்தினர் உட்கார்ந்துவிட்டார்.

இசக்கியையும் தாயையும் உள்ளே கூப்பிட்டுச் சொன்னார்கள்.

"நான் வராத நாளெல்லாம் உங்ககூடத்தானே சார் இருந்தேன்?"

"அது சபைக் காரியம். இது ஸ்கூல் காரியம். ரெண்டையும் குழப்பப்படாது." இரண்டுக்கும் செயலாளர் அவரே. ஆனால் இரண்டுக்கும் வேறு வேறு பேனா வைத்திருந்தார்.

"பரீட்சை மட்டும் எழுதட்டுமா? சீட்டு வேண்டாம். பாஸா ஃபெயிலான்னு மட்டும் தெரிஞ்சுக்கிடுதேன்."

சுந்தரராமன் கண்ணாடியைத் துடைத்தார்.

"அந்தப் புஸ்தகக் கட்டையாவது ஒருக்கா பிரிச்சுப் பாக்கட்டுமா?"

"ஐயோ, ரிப்பன் கட்டியிருக்கேடீ!" என்றார் ஷ்யாமளா மாமி.

முருகம்மாள் மகளின் கையைப் பிடித்தாள். "வாட்டி. இவுக காலம்பூரா குடுத்துக்கிட்டே இருப்பாவ. ஷாப்புல உனக்கும் சேத்து மேஸ்திரிகிட்டச் சொல்லி வச்சிருக்கேன்." வாசலில் நின்று, செயலாளரைத் திரும்பிப் பார்த்தாள். "புலின்னா அது அடிச்சுத் தின்னுட்டுப் போயிரும் சாமி."

செயலாளருக்கு அது புரியவில்லை. மேடைக்கு உதவுமா என்று மட்டும் ஒரு கணம் யோசித்தார்.

சித்திரையில் புதிய ஹால் திறந்தார்கள். சலவைக்கல்லில் நன்கொடையாளர் பெயர்கள் எல்லாம் இருந்தன. முதல் நிகழ்ச்சியாக, ஆண்டாப் ஹில்லில் கண்டெடுத்த இன்னொரு பர்மா அகதிச் சிறுமிக்குக் கல்வி வழங்கப்பட்டது. அவளுக்கு வயது எட்டுதான். பாவாடை கொஞ்சம் நீளமாக இருந்தது. இடுப்பில் ஒரு மடிப்பு வைத்ததும் சரியாகிவிட்டது.