மாவு பிசையும் மிஷினுக்கு ஒரு நன்றி

ஆஸ்பத்திரிச் சலவைக் கூடத்தில் காலையிலிருந்து மாலைவரை ஈரப் போர்வைகளை அள்ளிப் போட்டாலும் மார்லாவுக்குத் தோள் இப்படி வலிப்பதில்லை. ஞாயிற்றுக்கிழமை சர்ச் முடிந்து வந்து, அம்மாவின் சமையலறை மேசையில் உட்கார்ந்து நன்றி அட்டை எழுதத் தொடங்கியதும் கழுத்திலிருந்து முழங்கைவரை இழுத்துப் பிடித்துக்கொண்டது. பேனாவை அவ்வளவு அழுத்திப் பிடித்திருந்தாள்.

கல்யாணத்துக்கு முன்னால் பெண்கள் மட்டும் கூடி மணப்பெண்ணுக்குப் பரிசு கொடுக்கும் ஷவர் விருந்து போன சனிக்கிழமை சர்ச்சின் கீழ்த்தளத்தில் நடந்தது. வந்தவர்கள் எல்லோரும் உறைகளில் தங்கள் விலாசத்தைத் தாங்களே எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருந்தார்கள். மணப்பெண் சிரமப்படக் கூடாது என்று செய்கிற ஏற்பாடு அது. பெயர் எழுதிய உறைகள் அப்படி வரிசையாக உட்கார்ந்து அவளையே பார்த்துக்கொண்டிருந்தன.

"என்னடி எழுதியிருக்க?" அம்மா ஜெனீவ் உருளைக்கிழங்கு தோலைச் சீவிக்கொண்டே எட்டிப் பார்த்தாள். "'துண்டுக்கு நன்றி.' அவ்வளவுதானா? வில்மா அத்தை இத வாங்கிப் படிச்சா, துண்டத் திருப்பிக் கேப்பா."

"வேற என்னம்மா எழுதறது? துண்டு துண்டுதானே?"

"என்ன குடுத்தாங்கன்னு சொல்லணும். அத வெச்சு நீயும் வெஸ்லியும் என்ன பண்ணப்போறீங்கன்னு ஒரு வரி சொல்லணும். கடைசியில ரெண்டு பேர் பேரும் போடணும். குடுத்தவங்க கண்ணுல உங்க வீடு தெரியணும்டி."

மார்லா யோசித்தாள். துண்டு குளியலறையில் தொங்குவது தெரிந்தது. அதில் வெஸ்லி முகம் துடைப்பதை நினைத்துப் பார்த்தாள். வண்டி எண்ணெயோடு துடைத்துக் கறையாக்குவான் என்றுதான் தோன்றியது. அதை எழுத முடியாது. 'மெத்தென்று இருக்கிறது' என்று எழுதி ஒப்பேற்றினாள்.

அடுத்த உறையில் ஒடெஸாவின் பெரிய சாய்ந்த எழுத்து இருந்தது. அதை எடுத்ததும் மார்லாவின் முகம் தெளிந்தது. சலவைக் கூடத்தில் அவளோடு வேலை செய்யும் ஒடெஸாவும் இன்னும் மூணு பெண்களும் சேர்ந்து மாவு பிசையும் மிஷின் வாங்கிக் கொடுத்திருந்தார்கள். சனிக்கிழமைச் சந்தையில் ஒரு மேசை போட்டுப் இலவங்கப்பட்டை போட்ட ரொட்டி சுட்டு விற்கணும் என்று எப்போதோ ஒரு சாப்பாட்டு இடைவேளையில் அவள் உளறியதை ஒடெஸா மனசில் வைத்திருந்தாள். விருந்தில் காகிதத்தைப் பிரித்ததும் மார்லா அழுதுவிட்டாள். "அழுவாதடி, மாவு உப்புக் கரிக்கும்" என்று ஒடெஸா கத்த, கீழ்த்தளமே சிரித்தது.

இந்த அட்டை தானாக வரும் என்று நினைத்தாள். ஆனால் மிஷின் என்ன நிறம் என்று அவளுக்குத் தெரியாது. பெட்டியைத் திறக்கவில்லை. பரிசுகளை எல்லாம் வெஸ்லி அன்றைக்கே, கல்யாணத்துக்குப் பிறகு அவர்கள் குடியிருக்கப்போகும் வாடகை வீட்டுக்குக் கொண்டுபோயிருந்தான்.

சாப்பாட்டு நேரத்துக்கு வெஸ்லி வந்தான். வரும்போதே சிரிப்பு. ஜெனீவின் கன்னத்தில் முத்தம் வைத்து, "அத்தே, வாசனை தெருமுனைக்கே வந்துச்சு, அதான் ஓடி வந்தேன்" என்றான். அவள் கத்தியை ஓங்கிக்கொண்டே சிரித்தாள். அவனைக் கண்டால் அவளுக்கு எப்போதும் அப்படித்தான்.

"வெஸ்லி, அந்த மாவு மிஷின் சிவப்பா வெள்ளையா? பெட்டியில போட்டிருக்குமே" என்று மார்லா கேட்டாள்.

அவன் பின்கழுத்தைச் சொறிந்தான். "அதா... அது கடைக்குத் திரும்பிப் போயிடுச்சு கண்ணு. பெட்டிக்குள்ளயே ரசீது வெச்சிருந்தாங்க, மாத்திக்கணும்னா மாத்திக்கத்தானே. வெளிய வந்து பாரு, அந்தக் காசுல வண்டி முன்னாடி புது வின்ச் மாட்டியிருக்கேன், கம்பி சுத்தி இழுக்கற மிஷின். சேத்துல மாட்டுனா யாரையும் கூப்பிட வேண்டாம், தானே இழுத்துக்கும்."

மார்லா பேனாவைக் கீழே வைத்தாள்.

"என்கிட்ட சொல்லவே இல்லையே."

"சொன்னா நீ இந்த மூஞ்சிய வெப்பன்னு தெரியும்."

"நான் ரொட்டி போடணும்னு உன்கிட்ட சொல்லியிருக்கேன் வெஸ்லி."

"எல்லாரும் என்னென்னவோ சொல்றோம். நீ வேல முடிஞ்சு வந்தா ஷூ கழட்டவே தெம்பில்ல, ரொட்டி போடப்போறியா? பரிசு ரெண்டு பேருக்கும்தானே?"

"விடுடி," என்றாள் ஜெனீவ், மெதுவாக. "ஆம்பளைங்க அப்படித்தான். அடுத்த வருஷம் வேற வாங்கலாம். இப்ப அட்டைய எழுதி முடி."

"இல்லாத மிஷினுக்கு நான் என்னம்மா எழுதறது? நாளைக்குக் காலையில அவங்க முகத்தத்தானே பாக்கணும்?" மார்லா அட்டையை அவன் பக்கம் தள்ளினாள். "நீயே எழுது."

அவன் திணறுவான், சங்கடப்படுவான், பேனாவை வைத்துவிட்டு 'தப்புதான், நாளைக்கே கடைக்குப் போறேன்' என்பான். அவள் எதிர்பார்த்தது அதைத்தான். அந்த ஒரு வார்த்தை போதும், விட்டுவிடலாம் என்றுகூட இருந்தாள்.

வெஸ்லி நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தான். அடித்தல் இல்லை, நிறுத்தல் இல்லை, ஒரே மூச்சில் எழுதினான். எழுதியதை எடுத்து ஒரு கையை நெஞ்சில் வைத்துப் படித்தான்:

"அன்புள்ள ஒடெஸாவுக்கும் தோழிகளுக்கும், நீங்கள் கொடுத்த மிஷின் எங்கள் வீட்டு ஜன்னலோரத்தில் ராஜா மாதிரி உட்கார்ந்திருக்கிறது. முதல் ரொட்டியை மார்லா நேற்றே போட்டுவிட்டாள். கிண்ணத்தை வழித்து நக்கியது நான். மூக்கெல்லாம் மாவு. இனி எங்கள் ஞாயிற்றுக்கிழமைகள் எல்லாம் உங்கள் பெயரால்தான் மணக்கும்."

ஜெனீவ் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்துவிட்டாள். "பாவி, என்னமா எழுதறான் பாரு!"

மார்லாவுக்கும் சிரிப்பு வந்தது. அதுதான் கொடுமை. ஜன்னல் தெரிந்தது, ராஜா மாதிரி மிஷின் தெரிந்தது, அவன் மூக்கில் ஒட்டிய மாவுகூடத் தெரிந்தது. அவள் திக்கித் திணறி எழுதிய உண்மையான துண்டைவிட அவனுடைய இல்லாத மிஷின் பளிச்சென்று இருந்தது.

போன கிறிஸ்துமஸுக்கு அவன் அனுப்பிய வாழ்த்து அட்டை ஞாபகம் வந்தது. பனியில் வண்டி ஓட்டும்போதெல்லாம் பக்கத்து இருக்கையில் அவள் உட்கார்ந்திருப்பதாக நினைத்துப் பேசிக்கொண்டே போவதாக எழுதியிருந்தான். அதை வேலை உடுப்பின் பைக்குள் வைத்துக்கொண்டு திரிந்தாள். அதிலும் இதே துள்ளல்தான், இதே சிரிப்புதான். அதை எழுதினபோதும் இப்படித்தான் ஒரே மூச்சில் எழுதியிருப்பான்.

"எழுதும்போது உனக்குக் கொஞ்சமாச்சும் தடுக்கலியா?" என்று கேட்டாள்.

"எதுக்கு தடுக்கணும்?" அவன் முகத்தில் கள்ளம் இல்லை. உண்மையாகவே புரியாமல் கேட்டான். "நல்லா இல்லியா?"

"நல்லா இருக்கு. ரொம்ப நல்லா இருக்கு." அவள் எழுந்து நின்றாள். "என்னால முடியாது வெஸ்லி. நீ போ."

"சாப்பிட்டுட்டுப் போறேனே."

"கல்யாணத்தச் சொல்றேன்."

அடுப்பில் உருளைக்கிழங்கு கொதித்துப் பாத்திரத்தின் மூடி தடதடத்தது. யாரும் அடுப்பை அணைக்கவில்லை. ஒரு வின்ச்சுக்காகவா என்று அவன் கேட்டான். அப்புறம் சிரித்தான், அப்புறம் கெஞ்சினான், அப்புறம் கோபப்பட்டான். எல்லாமே அவனுக்குச் சுலபமாக வந்தது. எது நிஜம் என்று அவளால் பிரிக்க முடியவில்லை. கடைசியில் கதவு அடித்துச் சாத்தப்பட்டது.

ஜெனீவ் நாற்காலியில் சரிந்து உட்கார்ந்தாள். "ஊர் முழுக்க அழைப்பு போயாச்சு. இன்னும் ரெண்டு சனிக்கிழமைகூட இல்ல. மாவு மிஷினுக்காக நின்னுபோச்சுன்னு சொல்லுவியா? கேக்கறவங்க உன்னப் பைத்தியம்பாங்கடி."

"சொல்லட்டும்மா."

"எல்லாப் பரிசையும் திருப்பி அனுப்பணும். ஒவ்வொண்ணோடவும் ஒரு அட்டை எழுதணும். தெரியுமா உனக்கு?"

"எழுதறேன்."

அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு போய் அடுப்பை அணைத்தாள்.

மற்ற எல்லாவற்றையும் திருப்பி அனுப்பலாம். திருப்பி அனுப்ப முடியாதது ஒன்றுதான். மார்லா கோட்டை மாட்டிக்கொண்டு, ஆற்றங்கரைத் தெரு வழியாக ஒடெஸாவின் வீட்டுக்கு நடந்தாள். வழியெல்லாம் என்ன சொல்வது என்று தேடினாள். ஒரு வரியும் அகப்படவில்லை.

ஒடெஸா வீட்டுச் செருப்போடு கதவைத் திறந்தாள். "அடியே கல்யாணப் பொண்ணு! ரொட்டி சுட்டு எடுத்துட்டு வந்தியா, இல்ல வெறுங்கையோட வந்தியா?"

"வெறுங்கைதான். மிஷின் இல்ல ஒடெஸா. அத அவன் வித்து... கடையில குடுத்து வண்டிக்கு என்னமோ வாங்கிட்டான். எனக்கே இன்னிக்குத்தான் தெரியும். அத நான் தொட்டுக்கூடப் பாக்கல. ஆனா நீங்க குடுத்தது எனக்கு..."

ஒடெஸா அவள் முகத்தையே பார்த்தாள். வாயிலிருந்த கேலி மெல்ல அடங்கியது.

"கல்யாணம்?" என்றாள்.

மார்லா தலையை ஆட்டினாள், இல்லை என்று. முதன்முதலாக வெளி ஆளிடம் சொல்கிறாள். சொன்னது சரியா தப்பா என்று அப்போதும் அவளுக்குத் தெரியவில்லை.

"குளிருது, உள்ள வா" என்றாள் ஒடெஸா. "அந்த மூணு பேருக்கும் நாளைக்கு நீயே சொல்லு. நான் பக்கத்துல நிக்கறேன்."